டிஎல்எல் காணோம் என்று கம்ப்யூட்டர் சொன்னால்

பில்லிங் சாப்ட்வேரின் ஐகானை இரண்டு முறை தட்டுகிறீர்கள். சாப்ட்வேர் வராமல் சின்னப் பெட்டி ஒன்று வருகிறது. சிவப்பு வட்டத்துக்குள் பெருக்கல் குறி, ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் வாஸ் நாட் ஃபவுண்ட்’ என்று ஒரு வரி, கீழே ஓகே பட்டன். ஓகே கொடுத்தால் பெட்டி மறையும், சாப்ட்வேர் வராது. திருப்பூர் பனியன் கம்பெனி ஆபீஸ், கோவை லேத் பட்டறையின் டிராயிங் அறை, ஈரோட்டு ஜவுளிக் கடைக் கல்லா, நாமக்கல் கோழிப்பண்ணைக் கணக்கு மேசை என்று எல்லா இடத்திலும் இந்தப் பெட்டி வரும். பார்த்தவுடன் பலரும் அந்தப் பெயரை கூகுளில் போட்டு, அந்த ஒற்றை ஃபைலை எங்கிருந்தாவது இறக்கப் பார்க்கிறார்கள். அதை மட்டும் செய்யாதீர்கள். பெட்டி சொல்வது காணாமல் போன ஃபைலின் பெயரை. நீங்கள் கண்டுபிடிக்க வேண்டியது அந்த ஃபைல் எந்தத் தொகுப்போடு வந்தது என்பதை.

ஒரு குறிப்பு: ஃபைல் பெயர்களையும் கட்டளைகளையும் இங்கே படிக்கும் ஒலியில் எழுதியிருக்கிறோம். தட்டும்போது அதே எழுத்துகளை ஆங்கிலத்தில் தட்டுங்கள்.

டிஎல்எல் என்ன வேலை செய்கிறது

பனியன் கம்பெனி வைத்திருப்பவர் எல்லாரும் சாயப்பட்டறை வைத்திருப்பதில்லை. நிட்டிங்குக்கு ஓர் இடம், சாயத்துக்கு ஓர் இடம், காம்பேக்டிங்குக்கு ஓர் இடம் என்று ஜாப் ஒர்க் கொடுத்து வாங்கி, கட்டிங்கையும் தையலையும் மட்டும் தன் கட்டடத்தில் வைத்துக்கொள்கிறவர்கள் நிறையப் பேர். ஒரே சாயப்பட்டறைக்குப் பல கம்பெனித் துணி போகும். சாப்ட்வேர் எழுதுகிறவரும் இப்படித்தான் வேலையைப் பிரிக்கிறார். இஎக்ஸ்இ என்று முடியும் ஃபைல்தான் கம்பெனி. ஜன்னல் வரைவது, தேதி கணக்கிடுவது, பிரிண்டருக்கு அனுப்புவது போன்ற பொது வேலைகளுக்கு அது டிஎல்எல் ஃபைல்களைக் கூப்பிடும். ஒரே டிஎல்எல்லைப் பல சாப்ட்வேர்கள் பங்குபோட்டுக்கொள்ளும். ஓசிஎக்ஸ், சிபிஎல், டிஆர்வி என்று முடியும் ஃபைல்களும் இதே இனம்தான், வால் மட்டும் வேறு.

பட்டறை மூடிக் கிடந்தால் துணி வராது, தையல் நிற்கும். பட்டறை திறந்திருந்தும் அதற்கு விறகு வராமல் பாய்லர் எரியாவிட்டாலும் தையல் நிற்கும். ஒரு டிஎல்எல் இன்னொரு டிஎல்எல்லை நம்பியிருப்பதும் அப்படியே. இதை மறந்துவிட்டால் ‘ஃபைல் இருக்கே, அப்புறம் ஏன் காணோம்ங்குது?’ என்று மணிக்கணக்கில் உட்கார வேண்டிவரும்.

விண்டோஸ் ஒரு டிஎல்எல்லைத் தேடுவதற்கு வரிசை உண்டு. முதலில் சாப்ட்வேர் இருக்கும் ஃபோல்டர், பிறகு விண்டோஸின் சிஸ்டம் ஃபோல்டர், பிறகு விண்டோஸ் ஃபோல்டர், கடைசியில் பாத் என்ற பட்டியலில் எழுதியிருக்கும் ஃபோல்டர்கள். கெர்னல்32 போன்ற சில அடிப்படை ஃபைல்களை மட்டும் எப்போதும் சிஸ்டத்திலிருந்தே எடுக்கும். ஆக, சாப்ட்வேர் ஃபோல்டரில் பழைய பிரதி ஒன்று கிடந்தால், சிஸ்டத்தில் புதியது இருந்தாலும் பழையதுதான் முந்திக்கொள்ளும்.

முதலில் பெட்டியைப் படியுங்கள்

ஓகே கொடுக்கும் முன் போனில் ஒரு போட்டோ எடுத்துவிடுங்கள். வாசகம் மாறினால் வைத்தியமும் மாறும்.

‘நாட் ஃபவுண்ட்’ அல்லது ‘மிஸ்ஸிங்’ என்றால் பெயர் சொன்ன ஃபைல் தேடிய எந்த இடத்திலும் இல்லை. இதுதான் சுலபமான வகை. இதே குறை சில நேரம் 0எக்ஸ்சி0000135 என்ற எண்ணாகவும் வரும்.

‘ஸ்பெசிஃபைட் மாட்யூல் குட் நாட் பி ஃபவுண்ட்’, அதாவது எரர் 126 வந்தால் கவனம் தேவை. பெயர் சொன்ன ஃபைல் இருக்கலாம், அது நம்பியிருக்கும் அடுத்த ஃபைல் இல்லாமல் இருக்கலாம். விறகு வராத பட்டறை இதுதான்.

‘புரொசீஜர் என்ட்ரி பாயிண்ட் நாட் ஃபவுண்ட்’ என்றால் ஃபைல் இருக்கிறது, ஆனால் கேட்ட வேலை அதற்குத் தெரியாது. பெரும்பாலும் பழைய பதிப்பு முந்திக்கொண்டிருக்கும். சாப்ட்வேர் ஃபோல்டரில் அந்தப் பெயரில் ஃபைல் இருந்தால் வலது கிளிக், புராபர்ட்டீஸ், டீடெய்ல்ஸ் போய் ஃபைல் வெர்ஷனைப் பாருங்கள். சிஸ்டத்தில் இருப்பதைவிடப் பழையது என்றால் அழிக்க வேண்டாம். பெயரின் கடைசியில் ‘ஓல்டு’ என்று சேர்த்துவிட்டு மறுபடி திறந்து பாருங்கள். சரியாகவில்லை என்றால் பெயரைத் திருப்பி வைத்துவிடலாம்.

சாப்ட்வேரிலும் விண்டோஸிலும் 32 பிட், 64 பிட் என்று இரண்டு வகை உண்டு. 0எக்ஸ்சி000007பி என்ற எண் வந்தால் பெரும்பாலும் அந்த இரண்டும் கலந்துவிட்டது. 24 கேஜ் மிஷினில் 20 கேஜ் ஊசியைப் போட்டால் உட்காருமா? அதே கதை. 32 பிட் சாப்ட்வேர் 32 பிட் டிஎல்எல்லை மட்டுமே ஏற்றிக்கொள்ளும்.

‘சைட் பை சைட் கான்ஃபிகரேஷன்’ என்ற சொல் வந்தால் அநேகமாக விஷுவல் சி++ 2005 அல்லது 2008 தொகுப்பு இல்லை.

எந்த ஃபைல் எந்த வீட்டுப் பிள்ளை

பெயரிலேயே குலம் எழுதியிருக்கும். எம்எஸ்விசிஆர் அல்லது எம்எஸ்விசிபி என்று தொடங்கினால் மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி++ தொகுப்பு. பின்னால் வரும் எண் எந்த வருடத்துத் தொகுப்பு என்று சொல்லும்: 80 என்றால் 2005, 90 என்றால் 2008, 100 என்றால் 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்ற எண் 2015, 2017, 2019, 2022 நான்குக்கும் பொது. விசிரன்டைம்140 இதே 140 வீட்டைச் சேர்ந்தது. எம்எஃப்சி என்று தொடங்குவதற்கும் இதே எண் கணக்குத்தான். 2013 தொகுப்பு கேட்கிற சாப்ட்வேருக்கு 2022 தொகுப்பைப் போட்டால் ஓடாது. ஆனால் 2015 கேட்பதற்கு 2022 போதும்.

ஏபிஐ-எம்எஸ்-வின்-சிஆர்டி என்று நீளமாகத் தொடங்கினால் அது யுனிவர்சல் சிஆர்டி. விண்டோஸ் 10 முதல் அது விண்டோஸோடு சேர்ந்தே வருகிறது. பழைய விண்டோஸ் 7 கம்ப்யூட்டரில் சர்வீஸ் பேக் 1 போட்டு, கேபி2999226 என்ற அப்டேட்டையும் போட வேண்டும்.

டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கினால் பழைய டைரக்ட்எக்ஸ், அதாவது படம் வரைவதற்கான மைக்ரோசாஃப்ட் தொகுப்பு. எம்ப்ராய்டரி டிசைன், முப்பரிமாண டிராயிங் போன்ற பழைய கிராஃபிக்ஸ் சாப்ட்வேர்களில் பார்க்கலாம். விண்டோஸ் 10-இல் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே என்று விட்டுவிடாதீர்கள், இந்த ஃபைல்கள் அதில் இல்லை. மைக்ரோசாஃப்டின் 2010 ஜூன் மாத டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம் வேண்டும்.

‘குட் நாட் லோடு ஃபைல் ஆர் அசெம்ப்ளி’ என்று வந்தால் அது டாட்நெட் என்ற மைக்ரோசாஃப்ட் தொகுப்பை நம்பி எழுதிய சாப்ட்வேர். பழைய பில்லிங், சம்பளப் பட்டியல் சாப்ட்வேர்கள் பல டாட்நெட் 3.5 கேட்கும். ஸ்டார்ட்டில் ‘டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஆன் ஆர் ஆஃப்’ என்று தேடித் திறந்து, டாட்நெட் ஃபிரேம்வொர்க் 3.5-க்கு நேரே டிக் போடுங்கள். இன்டர்நெட் வேண்டும், விண்டோஸ் அப்டேட்டிலிருந்துதான் இறங்கும். அதே வாசகத்தில் ‘கிரிஸ்டல் டெசிஷன்ஸ்’ என்ற பெயர் இருந்தால், பில் அச்சிடும் கிரிஸ்டல் ரிப்போர்ட்ஸ் ரன்டைம் இல்லை. அதன் சரியான பதிப்பை சாப்ட்வேர் கொடுத்தவரிடமே வாங்குங்கள், அதில் பதிப்பு மாறினால் ரிப்போர்ட் திறக்காது.

இந்த எந்த வகையிலும் சேராத பெயர் என்றால் அநேகமாக சாப்ட்வேரின் சொந்த ஃபைல். அதற்கு அந்த சாப்ட்வேரின் செட்டப்பைத்தான் மறுபடி ஓட்ட வேண்டும்.

ஒற்றை ஃபைலை ஏன் இறக்கக் கூடாது

டிஎல்எல்லை இலவசமாகத் தருகிறோம் என்று சொல்லும் தளங்கள் ஏராளம். டிஎல்எல் என்பது படமோ எழுத்தோ இல்லை, ஓடும் நிரல். கூப்பிடும் சாப்ட்வேருக்கு என்ன அதிகாரம் உண்டோ அத்தனையும் அதற்கும் உண்டு. உங்கள் ஜிஎஸ்டி கணக்கும் வங்கி லாகினும் இருக்கும் கம்ப்யூட்டருக்குள் யாரென்றே தெரியாதவரைக் கல்லாவில் உட்கார வைப்பதற்குச் சமம். நல்ல ஃபைலாகவே இருந்தாலும், பிட் மாறியிருக்கும், இல்லையென்றால் இதை வைத்ததும் அடுத்த ஃபைல் காணோம் என்று வரும். எம்எஸ்விசிஆர்90-ஐ மட்டும் கொண்டுவந்து சாப்ட்வேர் பக்கத்தில் வைத்தால் ஆர்6034 என்ற புது எரர் வரும், ஏனென்றால் அந்தத் தலைமுறை ஃபைல் தன் தொகுப்பு முறையாகப் பதிந்திருந்தால்தான் வேலை செய்யும். ஏற்கனவே இப்படி எதையாவது இறக்கி வைத்திருந்தால் முதலில் அதை எடுத்துவிட்டு வைரஸ் ஸ்கேன் ஓட்டுங்கள்.

விஷுவல் சி++ தொகுப்பைப் போடும் முறை

அதிகம் தேவைப்படுவது இதுதான், அதனால் படிப்படியாகச் சொல்கிறோம்.

1. செட்டிங்ஸ், சிஸ்டம், அபவுட் போய் ‘சிஸ்டம் டைப்’ பாருங்கள். இப்போது பெரும்பாலும் 64 பிட்தான் இருக்கும்.

2. மைக்ரோசாஃப்டின் சொந்தத் தளத்தில் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிப்யூட்டபிள் பக்கத்தைத் திறங்கள். முகவரிப் பட்டையில் மைக்ரோசாஃப்ட் பெயர் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். தேடலில் மேலே வரும் விளம்பர இணைப்பைத் தட்ட வேண்டாம்.

3. 64 பிட் விண்டோஸ் என்றால் எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் இறக்குங்கள். பலர் சறுக்குவது இங்கேதான். ‘என் கம்ப்யூட்டர் 64 பிட், அதனால் எக்ஸ்64 போதும்’ என்று ஒன்றை மட்டும் போடுவார்கள். நம் ஊர் கணக்கு சாப்ட்வேர்களில் நிறைய இன்னும் 32 பிட்தான், அதற்கு எக்ஸ்86 வேண்டும். விண்டோஸ் 32 பிட் என்றால் எக்ஸ்86 மட்டும்.

4. ஒவ்வொன்றின் மேலும் வலது கிளிக் செய்து ‘ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ கொடுங்கள். ஏற்கனவே இருந்தால் ‘ரிப்பேர்’ பட்டன் காட்டும், அதைத் தட்டுங்கள்.

5. முடிந்ததும் கம்ப்யூட்டரை ரீஸ்டார்ட் செய்து சாப்ட்வேரைத் திறந்து பாருங்கள்.

நடுவில் 0எக்ஸ்80070666 என்று நின்றால் வேறு பதிப்பு ஏற்கனவே இருக்கிறது என்று பொருள். கன்ட்ரோல் பேனலின் புரோகிராம்ஸ் பட்டியலில் 2015 முதல் 2022 வரைக்குமான வரியை எடுத்துவிட்டு மறுபடி போடுங்கள். விண்டோஸ் 7-இல் 0எக்ஸ்80240017 வந்தால் அடிப்படை அப்டேட்கள் பாக்கி இருக்கின்றன.

அந்தப் பட்டியலில் விஷுவல் சி++ என்ற பெயரில் பத்துப் பன்னிரண்டு வரிகள் இருக்கும். ஒன்றே திரும்பத் திரும்ப இருக்கிறது என்று நினைத்து, இடம் மிச்சம் பிடிக்க அழித்துவிடுகிறார்கள். அடுத்த நாள் ஏதோ ஒரு சாப்ட்வேர் படுத்துவிடும். ஒவ்வொன்றும் வேறு வருடம், வேறு பிட். அப்படியே விடுங்கள். விண்டோஸ் ஃபோல்டருக்குள் இருக்கும் வின்எஸ்எக்ஸ்எஸ், இன்ஸ்டாலர் ஃபோல்டர்களிலும் கை வைக்க வேண்டாம்.

நெட்வொர்க்கில் சாப்ட்வேர் ஓடும் ஆபீஸ்களுக்கு ஒரு வார்த்தை: சாப்ட்வேர் சர்வரில் இருந்து, மற்ற கம்ப்யூட்டர்கள் ஷார்ட்கட் வழியாகத் திறந்தாலும், டிஎல்எல் தொகுப்பு ஒவ்வொரு கம்ப்யூட்டரிலும் தனித்தனியாக இருக்க வேண்டும். பேக்கிங் செக்ஷன் கம்ப்யூட்டரில் ஓடுகிறது, மெர்ச்சண்டைசர் மேசையில் ஓடவில்லை என்றால் சர்வரைக் குடையாதீர்கள், ஓடாத கம்ப்யூட்டரைப் பாருங்கள்.

சிஸ்டம்32, சிஸ்வாவ்64: பெயர் ஏமாற்றும்

64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பது 64 பிட் ஃபைல்கள். சிஸ்வாவ்64 ஃபோல்டரில் இருப்பது 32 பிட் ஃபைல்கள். தலைகீழாகத் தெரிந்தாலும் அதுதான் உண்மை, பழைய சாப்ட்வேர்களுக்காகப் பெயரை மாற்றாமல் விட்டதால் வந்தது. ஒரு சாப்ட்வேர் எத்தனை பிட் என்று தெரிய வேண்டுமா? அது ஓடும் வேறொரு கம்ப்யூட்டரில் டாஸ்க் மேனேஜரின் டீடெய்ல்ஸ் பகுதியில், தலைப்பு வரி மேல் வலது கிளிக் செய்து ‘பிளாட்ஃபார்ம்’ என்ற பத்தியைச் சேர்த்துப் பாருங்கள்.

விபி6 காலத்து சாப்ட்வேர்

விஷுவல் பேசிக் 6 வந்தது 1998-இல். அதில் எழுதிய ஸ்டாக், கூலிக் கணக்கு சாப்ட்வேர்கள் இன்னும் ஓடுகின்றன. புதுக் கம்ப்யூட்டர் வாங்கியதும் பழையதிலிருந்து அந்த ஃபோல்டரை மட்டும் பென் டிரைவில் காப்பி செய்து ஒட்டுவார்கள். ‘ரன்டைம் எரர் 339, எம்எஸ்காம்சிடிஎல்.ஓசிஎக்ஸ்’ என்று வரும். ஃபோல்டரைக் கொண்டுவந்தால் ஃபைல் மட்டுமே வரும், விண்டோஸின் பதிவேடான ரெஜிஸ்ட்ரியில் இருந்த பதிவு வராது. செட்டப் இருந்தால் அதை ஓட்டுவதே உத்தமம். செட்டப் தொலைந்துவிட்டது என்றால் இப்படிச் செய்யலாம்:

பழைய கம்ப்யூட்டரில் அந்த ஓசிஎக்ஸ் ஃபைல் எங்கே இருக்கிறது என்று பார்த்து (64 பிட் என்றால் சிஸ்வாவ்64, 32 பிட் என்றால் சிஸ்டம்32), அதைப் புதியதின் சிஸ்வாவ்64-இல் வையுங்கள். ஸ்டார்ட்டில் சிஎம்டி என்று தேடி, ‘ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ ஆகத் திறங்கள். சிடி என்று தட்டி, ஓர் இடைவெளி விட்டு, சிஸ்வாவ்64 ஃபோல்டரின் முழுப் பாதையைத் தட்டி என்டர். பிறகு ரெக்எஸ்விஆர்32 என்று தட்டி, இடைவெளி விட்டு, ஓசிஎக்ஸ் ஃபைலின் முழுப் பெயர், என்டர். ‘சக்ஸீடட்’ என்று பெட்டி வந்தால் பதிவாகிவிட்டது.

அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறக்கவில்லை என்றால் 0எக்ஸ்80004005 அல்லது 0எக்ஸ்8002801சி என்று மறுக்கும். இசட் டிரைவ், எக்ஸ் டிரைவ் என்று சர்வரை மேப் செய்து வைத்திருப்பவர்கள் அங்கிருந்தே பதிய முயன்றால் ஃபைலே இல்லை என்று சொல்லும். அட்மினிஸ்ட்ரேட்டர் ஜன்னலுக்கு அந்த மேப் டிரைவ் சாதாரணமாகத் தெரியாது. ஃபைலை சி டிரைவுக்குக் கொண்டுவந்து பதியுங்கள். ‘டிஎல்எல்ரெஜிஸ்டர்சர்வர் என்ட்ரி பாயிண்ட் நாட் ஃபவுண்ட்’ என்று வந்தால் அந்த ஃபைல் பதிய வேண்டிய வகையே இல்லை. எம்எஸ்விசிபி140-ஐப் பதியப் பார்த்தால் இதுதான் வரும், பதற வேண்டாம்.

விண்டோஸின் சொந்த ஃபைல் கெட்டால்

அப்டேட் ஓடும்போது கரண்ட் போய், யுபிஎஸ் பேட்டரியும் கைவிட்டால் விண்டோஸின் சொந்த டிஎல்எல்கள் அரைகுறையாக நிற்கலாம். ஒரே சாப்ட்வேர் படுத்தால் அது அந்த சாப்ட்வேரின் குறை. சம்பந்தமில்லாத நாலைந்து சேர்ந்து படுத்தால் விண்டோஸைச் சந்தேகப்படுங்கள்.

சிஎம்டியை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, முதலில் டிஐஎஸ்எம் கட்டளை: டிஐஎஸ்எம், இடைவெளி, /ஆன்லைன், இடைவெளி, /கிளீனப்-இமேஜ், இடைவெளி, /ரெஸ்டோர்ஹெல்த். இன்டர்நெட் வேண்டும். நடுவில் ஒரே சதவீதத்தில் வெகுநேரம் நிற்கும், மூடிவிடாதீர்கள். முடிந்ததும் எஸ்எஃப்சி, இடைவெளி, /ஸ்கேன்நவ். டிஐஎஸ்எம் மாற்று ஃபைல்களின் கிடங்கைச் சரிசெய்கிறது, எஸ்எஃப்சி அந்தக் கிடங்கிலிருந்து எடுத்துப் பழுதானதை மாற்றுகிறது. கிடங்கே கெட்டிருக்கும்போது எஸ்எஃப்சி மட்டும் ஓட்டினால் ‘சிலவற்றைச் சரிசெய்ய முடியவில்லை’ என்றுதான் சொல்லும். இரண்டும் முடிந்த சில நாளில் மறுபடி கெட்டால் ஹார்ட் டிஸ்க் போகும் நிலையில் இருக்கலாம். முதலில் கணக்கு டேட்டாவை வேறு டிஸ்க்கில் பேக்கப் எடுங்கள். அதன் பிறகு சிஎச்கேடிஎஸ்கே சி: /எஃப் ஓட்டி, ஒய் கொடுத்து ரீஸ்டார்ட் செய்யுங்கள்.

ஆன்டிவைரஸ், டாங்கிள், வாட்ஸ்அப் ஜிப்

நேற்று ஓடியது இன்று ஓடவில்லை, நீங்கள் எதையும் தொடவில்லை என்றால் விண்டோஸ் செக்யூரிட்டியில் ‘புரொடெக்ஷன் ஹிஸ்டரி’ பாருங்கள். ஃபைல் அங்கே சிறையில் இருக்கலாம். காசு கொடுத்து வாங்கிய சாப்ட்வேரின் ஃபைல் என்றால், கொடுத்தவரிடம் கேட்டு உறுதி செய்த பிறகு ‘ரெஸ்டோர்’ கொடுங்கள். கிராக் செய்த டிசைன் சாப்ட்வேர் என்றால் ஆன்டிவைரஸ் தூக்கியது அந்தக் கிராக் டிஎல்எல்லைத்தான். அதைத் திரும்ப வைக்கச் சொல்லி நாங்கள் வழி காட்ட மாட்டோம். அந்த ஃபைலுக்குள் வேறென்ன இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது, போகப்போவது உங்கள் பார்ட்டியின் டிசைன்களும் கணக்கும்.

எம்ப்ராய்டரி, சிஎன்சி சாப்ட்வேர்களுக்கு யுஎஸ்பி டாங்கிள் (சொருகினால்தான் சாப்ட்வேர் திறக்கும் சாவி) இருந்தால், விண்டோஸ் மாற்றிய பிறகு டாங்கிள் டிரைவரையும் புதிதாகப் போட வேண்டும். டாங்கிளைக் கழற்றிவிட்டு டிரைவரைப் போட்டு, பிறகு சொருகுங்கள்.

சாப்ட்வேர்காரர் புது டிஎல்எல்லை ஜிப்பாக அனுப்பினால், பிரிக்கும் முன் ஜிப் ஃபைலின் புராபர்ட்டீஸில் கீழே ‘அன்பிளாக்’ என்ற டிக் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் டிக் போட்டு ஓகே கொடுத்த பிறகு பிரியுங்கள். இல்லையென்றால் இணையத்திலிருந்து வந்தது என்ற முத்திரை உள்ளே இருக்கும் எல்லா ஃபைலிலும் ஒட்டிக்கொள்ளும், டாட்நெட் அவற்றை ஏற்ற மறுக்கலாம்.

பெயரே சொல்லாமல் நின்றால்

ஈவென்ட் வியூவர் திறந்து, விண்டோஸ் லாக்ஸ், அப்ளிகேஷன் போங்கள். சாப்ட்வேர் நின்ற நேரத்துக்கு நேரே சிவப்புக் குறியோடு ‘அப்ளிகேஷன் எரர்’, எண் 1000 என்ற வரி இருந்தால் அதில் ‘ஃபால்ட்டிங் மாட்யூல்’ என்று ஒரு டிஎல்எல் பெயர் எழுதியிருக்கும். ‘சைட்பைசைட்’ வரி இருந்தால் எந்தத் தொகுப்பு, எந்தப் பதிப்பு இல்லை என்பது வரை சொல்லும்.

அதிலும் தெரியவில்லை என்றால் மைக்ரோசாஃப்டின் இலவசக் கருவி புராசஸ் மானிட்டர். ஃபில்டரில் சாப்ட்வேரின் இஎக்ஸ்இ பெயரையும், ‘பாத் எண்ட்ஸ் வித் .டிஎல்எல்’ என்பதையும், ‘ரிசல்ட் இஸ் நேம் நாட் ஃபவுண்ட்’ என்பதையும் சேர்த்து, சாப்ட்வேரைத் திறந்து எரர் வந்ததும் பதிவை நிறுத்துங்கள். நூற்றுக்கணக்கில் வரி வந்தால் மலைக்க வேண்டாம். ஒரு ஃபோல்டரில் இல்லாமல் அடுத்ததில் கிடைத்தாலும் முதல் தேடல் ‘நாட் ஃபவுண்ட்’ என்றுதான் பதிவாகும். எரருக்குச் சற்று முன்னால், ஒரே பெயரை ஃபோல்டர் ஃபோல்டராகத் தேடிக் கடைசிவரை கிடைக்காத ஃபைல் எதுவோ, அதுதான் குற்றவாளி.

விண்டோஸுக்குப் பதில் உபுண்டு லினக்ஸ் போட்டிருக்கும் மாணவர்களுக்குச் சுருக்கமாக: அங்கே டிஎல்எல்லுக்குப் பதில் எஸ்ஓ ஃபைல். எல்டிடி என்று தட்டி, இடைவெளி விட்டு, புரோகிராமின் பாதையைக் கொடுத்தால் எது ‘நாட் ஃபவுண்ட்’ என்று பட்டியல் வரும். அந்த ஃபைல் வரும் பேக்கேஜை, உபுண்டுவின் ஆப்ட் என்ற கட்டளை வழியாகப் போடுங்கள். லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 கேட்கும் பழைய புரோகிராமுக்கு எஸ்ஓ.3-ஐப் பெயர் மாற்றிக் கொடுத்து ஏமாற்ற முடியாது, உள்ளே அமைப்பே வேறு.

எல்லாம் பார்த்தும் ஆகவில்லை என்றால் சாப்ட்வேர் கொடுத்தவரைக் கூப்பிடுங்கள். ‘ஏனுங்ணா, சாப்ட்வேர் ஓப்பனே ஆக மாட்டேங்குதுங்க, என்னமோ டிஎல்எல்லுங்குது’ என்று மட்டும் சொன்னால் அவரால் ஒன்றும் செய்ய முடியாது. பெட்டியின் போட்டோவோடு இப்படி அனுப்புங்கள்: ‘விண்டோஸ் 11, 64 பிட்டுங்ணா. சனிக்கிழமை வரைக்கும் ஓடுச்சுங்க. ஞாயித்துக்கிழமை விண்டோஸ் அப்டேட் ஆச்சுங்க. விசி++ 2022 எக்ஸ்86, எக்ஸ்64 ரெண்டும் ரிப்பேர் பண்ணிட்டேனுங்க. மத்த ரெண்டு கம்ப்யூட்டர்ல ஓடுதுங்க, இதுல மட்டும் எரர் 126 வருதுங்க.’